ஆமாம் போடாத மதுரம்

எங்கள் ஊர்ப் பக்கத்தில் கோவில் கொடை என்றால் வில்லுப்பாட்டு கட்டாயம் இருக்கும். நடுவில் வில்லை வைத்து, வீசுகோலால் நாணைத் தட்டிக்கொண்டு புலவர் கதை சொல்வார். குடம் ஒருவர், உடுக்கை ஒருவர், தாளம் ஒருவர் என்று சுற்றி உட்கார்ந்திருப்பார்கள். புலவர் ஒரு வரியைச் சொல்லி நிறுத்தியதும் பக்கத்தில் இருப்பவர் "ஆமா" என்பார். அடுத்த வரி. மறுபடியும் "ஆமா". சின்ன வயதில் எனக்கு அந்த "ஆமா" சொல்கிறவர் மேல்தான் கண் இருக்கும். விடியற்காலை மூன்று மணிக்கு அவர் கொஞ்சம் கண்ணயர்ந்துவிட்டால் போதும், கதையே நொண்ட ஆரம்பித்துவிடும். புலவர் எத்தனை பெரிய கெட்டிக்காரராக இருந்தாலும் கேட்டுப் பதில் கொடுக்க ஒரு ஆள் வேண்டும்.

அப்படி ஒரு கொடை ராத்திரியில் ஆச்சி சொன்னாள்: "என்.எஸ்.கிருஷ்ணன் நம்ம ஒழுகினசேரிக்காரராக்கும் மக்களே. அவரும் வில்லடிச்சுதான் ஆரம்பிச்சாரு. அவருக்கு ஆமா போடாத ஒரு பொம்பளை வந்து வாச்சா பாரு, அப்புறந்தான் அவரு நிமிந்தாரு."

அப்போது எனக்குப் புரியவில்லை. தொலைக்காட்சியில் எப்போதாவது வரும் கறுப்பு வெள்ளைப் படத்தில் ஒல்லியாக ஒருவர் வாயைக் கோணிக்கொண்டு பேசுவார், பக்கத்தில் ஒரு பெண் பதில் பேசுவார், வீட்டில் பெரியவர்கள் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். அவ்வளவுதான் எனக்குத் தெரிந்த என்.எஸ்.கே., டி.ஏ.மதுரம். பல வருஷம் கழித்து, அந்தப் படங்களைத் தேடித் தேடிப் பார்க்கத் தொடங்கிய பிறகுதான் ஆச்சி எவ்வளவு துல்லியமாகச் சொல்லியிருக்கிறாள் என்று தெரிந்தது. கலைவாணரைப் பற்றி நிறையப் பேர் எழுதிவிட்டார்கள். சீர்திருத்தம், வள்ளல் குணம், மேடைப் பேச்சு, எல்லாம் உண்மை. ஆனால் அந்த நகைச்சுவை ஒரு மனிதருடையது என்று எழுதும்போதெல்லாம் எனக்கு மனது ஒப்புவதில்லை. அது இரண்டு பேர் சேர்ந்து செய்த தொழில். இருபது வருஷத்துக்கு மேல் ஒரு கணவனும் மனைவியும் சேர்ந்து நடத்திய தொழில்.

கிருஷ்ணன் பிறந்தது 1908 நவம்பர் 29. ஒழுகினசேரி இருக்கும் நாகர்கோவில் அப்போது திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இருந்தது. வீட்டில் வசதி கிடையாது. நாடகக் கொட்டகையில் தின்பண்டம் விற்ற பையன், விற்றுக்கொண்டே நாடகம் பார்த்த பையன், கடைசியில் நாடகக் கம்பெனியிலேயே போய்ச் சேர்ந்தான். அந்தக் காலத்தில் அவற்றுக்குப் பாய்ஸ் கம்பெனி என்று பெயர். சிறுவர்களைச் சேர்த்து, கம்பெனி வீட்டில் தங்கவைத்து, சோறு போட்டு, பாட்டும் வசனமும் அடித்துச் சொல்லிக் கொடுப்பார்கள். டி.கே.எஸ். சகோதரர்களின் குழுவில் அவர் நடித்த வருஷங்கள் அப்படிப்பட்டவை.

இங்கே ஒரு விஷயத்தை நான் திரும்பத் திரும்ப யோசிப்பதுண்டு. பாய்ஸ் கம்பெனியில் பெண் கிடையாது. சீதையும் பையன்தான், வள்ளியும் பையன்தான். கணவன் மனைவி சண்டை என்று ஒரு காட்சி வந்தால் சேலை கட்டிய ஒரு பையன் குரலை மாற்றிக்கொண்டு சண்டை போடுவான். அதில் சிரிப்பு வராமல் இல்லை. ஆனால் அந்தச் சிரிப்பு பெண் வேஷத்தைப் பார்த்து வருகிற சிரிப்பு. இன்னொரு பக்கம், பெண்கள் நடித்த நாடக மேடைகளில் பபூனும் டான்ஸும் சேர்ந்து வரும் காட்சி ஒன்று உண்டு. பபூன் தெருவில் போகிற பெண்ணை வம்புக்கு இழுப்பார், அவள் திருப்பிக் கொடுப்பாள். ராஜபார்ட், அதாவது கதாநாயக நடிகர், வேஷம் மாற்றிக்கொண்டு வரும்வரை கூட்டத்தைப் பிடித்து வைக்க அது வேண்டியிருந்தது. கதைக்கும் அதற்கும் சம்பந்தம் இருக்காது. பேச்சில் கொச்சை கொஞ்சம் தூக்கலாகவே இருக்கும்.

இந்த இரண்டு வழியும் தெரிந்த ஒருவர் பேசும் படத்துக்கு வருகிறார். தமிழில் படம் பேச ஆரம்பித்தது 1931இல். கிருஷ்ணன் அந்தப் பத்தாண்டின் நடுவில் உள்ளே வந்தார். 1936இல் எல்லிஸ் ஆர். டங்கன் என்ற அமெரிக்கர் இயக்கிய 'சதி லீலாவதி'யில் இருக்கிறார், எம்.ஜி.ஆருக்கு முதல் படமும் அதுதான். அதே வருஷம் 'வசந்தசேனா' என்ற படம். திருச்சிப் பக்கத்திலிருந்து வந்த மதுரத்தை அவர் சந்தித்தது அந்தப் படத்துக்காகத்தான்.

அப்போது சென்னையில் ஸ்டுடியோ வசதி குறைவு. தமிழ்ப் படம் எடுக்கக் கல்கத்தாவுக்கோ பம்பாய்க்கோ பூனாவுக்கோ மொத்தக் கூட்டமும் ரயிலேற வேண்டும். வசந்தசேனாவுக்குப் பூனா. மொழி தெரியாத ஊரில் தயாரிப்பாளர் தரப்பில் பணம் முடங்கியது என்றும், கூட வந்தவர்கள் பட்டினி கிடக்காமல் இருக்க மதுரத்திடம் கைமாற்று வாங்கித்தான் கிருஷ்ணன் சமாளித்தார் என்றும் சொல்வார்கள். இந்தக் கதை ஆளுக்கொரு விதமாகச் சொல்லப்படுகிறது. எப்படிச் சொன்னாலும் அதில் மாறாமல் இருப்பது, நெருக்கடி வந்தபோது கணக்கு வழக்கை மதுரம் கையில் எடுத்தார் என்பது. பூனாவிலேயே கல்யாணம் நடந்தது.

கிருஷ்ணனுக்கு அதற்கு முன்பே ஊரில் நாகம்மாள் என்ற மனைவி இருந்தார். பின்னாளில் மதுரத்தின் தங்கை வேம்புவையும் மணந்துகொண்டார். இதை மழுப்பிச் சொல்ல எனக்கு விருப்பமில்லை. ஆதர்ச தம்பதி என்று ஒரு படம் வரைந்துவிட்டு, அதில் பொருந்தாத இரண்டு பெண்களை ஓரத்தில் தள்ளிவிடுவது நியாயம் இல்லை. மதுரத்துக்கு அது எப்படி இருந்திருக்கும் என்பதை அவர்தான் சொல்லியிருக்க முடியும். திரையில் புருஷனைக் கேள்விமேல் கேள்வி கேட்கும் அந்தப் பெண்ணைப் பார்க்கும்போது எனக்கு இது ஞாபகம் வரும். சில சமயம் சிரிப்பு தொண்டையில் நின்றுவிடும்.

சரி, அவர்கள் என்னதான் செய்தார்கள்?

தயாரிப்பாளர்கள் புராணக் கதையோ ராஜா கதையோ எடுப்பார்கள். நகைச்சுவைப் பகுதியை மொத்தமாகக் கிருஷ்ணனிடம் விட்டுவிடுவார்கள். அவர் தன்னுடைய ஆட்களை வைத்துக்கொண்டு தனியாக எழுதி, பாட்டு போட்டு, நடித்துக் கொடுப்பார். புளிமூட்டை ராமசாமி, காக்கா ராதாகிருஷ்ணன் என்று ஒரு கூட்டமே அவரோடு இருந்தது. பாட்டுக்கு உடுமலை நாராயண கவி. மூலக்கதையில் சிவபக்தர் உருகிக்கொண்டிருப்பார். இந்தப் பக்கம் ஒரு புருஷனும் பெண்டாட்டியும் வீட்டுத் திண்ணையில் வழக்காடிக்கொண்டிருப்பார்கள். இரண்டும் கடைசிவரை ஒட்டாமலே போகிற படங்களும் உண்டு. நாடகத்தில் ராஜபார்ட் வேஷம் மாற்றும் நேரத்தில் பபூன் வந்தாரே, அதே ஏற்பாடுதான் திரைக்கு வந்திருக்கிறது.

இந்த ஏற்பாட்டைக் குறை சொல்கிறவர்கள் இருக்கிறார்கள். படத்தின் ஓட்டம் கெடுகிறது என்பார்கள். உண்மைதான். ஆனால் யாருடைய கதைக்கும் கட்டுப்படாத அந்தத் தனி நிலம் கிடைத்ததால்தான் இந்த இரண்டு பேரும் தங்களுக்கென்று ஒரு பாணியை வளர்க்க முடிந்தது என்பது என் எண்ணம். படத்துக்குப் படம் கதாநாயகன் மாறுவார், இயக்குநர் மாறுவார், ஸ்டுடியோ மாறும். இவர்கள் மட்டும் அப்படியே தொடர்ந்தார்கள். ஊர் ஊராக ஒரே கச்சேரியைக் கொண்டுபோய் ஒவ்வொரு ஊரிலும் கொஞ்சம் கொஞ்சம் செதுக்குவது போல. 1941இல் சொந்தமாக 'அலிபாபாவும் 40 திருடர்களும்' எடுத்து அவர்களே நாயகனும் நாயகியுமாக நடித்தார்கள். 1937இன் 'அம்பிகாபதி'யிலிருந்து 'கண்ணகி', 'ஹரிதாஸ்' வரை சேர்ந்து நடித்த படங்களை எண்ணினால் ஒரு விஷயம் தெரியும்: ஜனங்கள் கதாநாயகன் யார் என்று பார்த்ததைப் போலவே, கிருஷ்ணன் மதுரம் உண்டா என்றும் கேட்டுவிட்டுத்தான் டிக்கெட் எடுத்திருக்கிறார்கள்.

யுத்த காலத்தில் பிலிம் சுருளுக்குத் தட்டுப்பாடு வந்தது. ஒரு படம் 11,000 அடிக்கு மேல் போகக் கூடாது என்று அரசாங்கம் உத்தரவு போட்டது. 11,000 அடி என்றால் ஏறக்குறைய இரண்டு மணி நேரம். அதற்கு முன் மூன்று மணி நேரத்துக்கு மேல் பாட்டுப் பாட்டாகப் படம் எடுத்துப் பழகியவர்களுக்கு அது பெரிய இடி. எதை வெட்டலாம் என்று யோசித்த அந்த நாளிலும் கதைக்குச் சம்பந்தமில்லாத இந்தப் புருஷன் பெண்டாட்டி பகுதியை வெட்ட யாருக்கும் மனசு வரவில்லை. அவர்களுடைய மதிப்பைச் சொல்ல எனக்கு இதைவிட நல்ல சான்று தோன்றவில்லை.

அவர்கள் பேச்சு எப்படி இருக்கும் என்று எழுத்தில் காட்டுவது கஷ்டம். கிருஷ்ணன் பெரிய விஷயமாக ஒன்றை எடுப்பார். விஞ்ஞானம், நாகரிகம், மூடநம்பிக்கை, இப்படி. வேறொரு நடிகையாக இருந்தால் கண்ணை அகல விரித்துக்கொண்டு கேட்டிருப்பார். மதுரம் அப்படிக் கேட்பதில்லை. முதலில் ஒரு சின்ன மௌனம். பிறகு, அதனால் என்ன ஆகும், அதற்கு யார் காசு கொடுப்பது, அதை யார் செய்வது என்கிற மாதிரி ஒரு கேள்வி. அவ்வளவுதான், ஆகாயத்தில் பறந்துகொண்டிருந்த பேச்சு அடுப்படியில் வந்து இறங்கிவிடும். விஞ்ஞானத்தை வளர்ப்பது பற்றி அவர்கள் பாடும் ஒரு பாட்டு இன்றைக்கும் பலருக்கு வாயில் வரும். அதிலும் பேச்சு கடைசியில் எங்கே வந்து நிற்கிறது? பொத்தானைத் தட்டினால் இட்லியும் காப்பியும் பக்கத்தில் வந்து நிற்க வேண்டும் என்பதில். விஞ்ஞானம் ஒரு பெண்ணின் முதுகுவலியைக் குறைக்குமா என்பதுதான் அங்கே கேள்வி. அதை மேடைப் பிரசங்கமாகச் சொல்லியிருந்தால் யார் கேட்டிருப்பார்கள்?

கிருஷ்ணனின் சீர்திருத்தக் கருத்துகள் உபதேசமாகக் கனக்காமல் இருந்ததற்கு இதுதான் காரணம் என்று நம்புகிறேன். அவர் சொல்வதற்கு ஜனங்களுக்கு முன்னால் மறுப்புச் சொல்ல ஒருவர் திரையிலேயே இருந்தார். பார்க்கிறவனுக்குள் எழும் சந்தேகத்தை அந்த அம்மாள் முந்திக்கொண்டு கேட்டுவிடுவார். அவர் சமாதானம் ஆனால்தான் நமக்கும் சமாதானம். சில காட்சிகளில் இது தலைகீழாக மாறும்: கிருஷ்ணன் அசட்டு வேலை செய்துவிட்டு வந்து நிற்பார், மதுரம் அறிவு சொல்வார். அறிவாளி எப்போதும் ஆண், அசடு எப்போதும் பெண் என்று ஒரே மாதிரி அவர்கள் வைத்துக்கொள்ளவில்லை. 1940களில் இது சாதாரண விஷயம் இல்லை. பபூன் காட்சியில் இருந்த வம்பு போய், அதன் வேகம் மட்டும் மிஞ்சியது. தெருவில் நடந்த சண்டை வீட்டுக்குள் வந்தது. குடும்பத்தோடு உட்கார்ந்து பார்க்கலாம் என்கிற தைரியத்தையும் அது கொடுத்தது. மேடையில் பேசுகிற அந்த ஆணும் பெண்ணும் நிஜத்திலும் தாலி கட்டியவர்கள் என்பது எல்லாருக்கும் தெரிந்திருந்தது. அந்த ஒரு தகவல் அவர்களுக்கு எவ்வளவு சுதந்திரம் கொடுத்திருக்கும் என்று நினைத்துப் பாருங்கள். வேறு ஆணிடம் ஒரு நடிகை அப்படி எடுத்தெறிந்து பேசினால் ஊர் வேறு மாதிரிப் பேசியிருக்கும்.

இப்போது 1944க்கு வருகிறேன். இந்தக் கட்டுரையை எழுத உட்கார்ந்ததே இதற்காகத்தான்.

அந்த வருஷம் தீபாவளிக்கு எம்.கே.தியாகராஜ பாகவதரின் 'ஹரிதாஸ்' வெளியானது. அதில் கிருஷ்ணனும் மதுரமும் உண்டு. சென்னை பிராட்வே தியேட்டரில் அந்தப் படம் மூன்று தீபாவளியைக் கண்டது என்பதைத் தமிழ் சினிமா பேசும் எல்லாரும் ஒரு முறையாவது சொல்லியிருப்பார்கள். படம் வெளியான சில வாரத்தில், நவம்பர் 8ஆம் தேதி, சினிமாக்காரர்களைப் பற்றிக் கன்னாபின்னாவென்று எழுதிவந்த 'இந்து நேசன்' பத்திரிகையின் லட்சுமிகாந்தன் வேப்பேரியில் கத்தியால் குத்தப்பட்டு, மறுநாள் இறந்துபோனார். டிசம்பர் கடைசியில் பாகவதரும் கிருஷ்ணனும் கைதானார்கள். 1945 மே மாதம் ஆயுள் தண்டனை. உயர் நீதிமன்ற மேல்முறையீடும் தள்ளுபடி ஆனது. அன்றைக்குக் கடைசி மேல்முறையீட்டு மன்றமான லண்டன் பிரிவி கவுன்சில் வரை வழக்கு போய், திரும்பி வந்து, மறுவிசாரணையில் வி.எல்.எத்திராஜ் வாதாடி, 1947 ஏப்ரலில் இரண்டு பேரும் குற்றமற்றவர்கள் என்று விடுதலை ஆனார்கள். ஏறத்தாழ முப்பது மாதம் கம்பிக்குப் பின்னால்.

இந்தத் தேதிகளை ஹரிதாஸின் ஓட்டத்தோடு சேர்த்து வைத்துப் பாருங்கள். 1945 தீபாவளிக்கும் 1946 தீபாவளிக்கும் பிராட்வேயில் அந்தப் படம் ஓடியிருக்கிறது. திரையில் கிருஷ்ணன் பேசுகிறார், மதுரம் பதில் சொல்கிறார், கொட்டகை சிரிக்கிறது. அதே நேரத்தில் அவர் சிறையில். மதுரம் வெளியில் தனியாக. நானாக இருந்தால் அந்தத் தெருப் பக்கமே போயிருக்க மாட்டேன்.

மதுரம் என்ன செய்தார் தெரியுமா? நாடகம் போட்டார். என்.எஸ்.கே. நாடக சபா என்று கணவன் பெயரிலேயே குழு. எஸ்.வி.சகஸ்ரநாமம் துணைக்கு இருந்தார். வழக்குக்குப் பணம் வேண்டும். லண்டன் வரை போகிற வழக்கு என்றால் எவ்வளவு என்று சொல்லவே வேண்டாம். கிருஷ்ணனை நம்பி இருந்த கலைஞர்களுக்குச் சோறு வேண்டும். கை நீட்டி வாங்கிப் பழகியவர்கள் நிறையப் பேர், கொடுத்துக்கொண்டே இருந்த கை இப்போது உள்ளே இருக்கிறது. குழுவுக்குள்ளும் பிளவு வந்தது, கே.ஆர்.ராமசாமி தனியாகப் போய்க் கிருஷ்ணன் நாடக சபா என்று ஒன்றைத் தொடங்கினார். அதற்காக அண்ணா எழுதிய நாடகங்கள் பிற்பாடு பெரிய பெயர் வாங்கின. கிருஷ்ணன் இல்லாமலே கிருஷ்ணன் பெயரில் இரண்டு சபாக்கள்!

மதுரத்தின் சபா போட்டவற்றில் 'பைத்தியக்காரன்' நல்ல பெயர் வாங்கியது. அதைப் படமாகவும் எடுக்கத் துணிந்தார்கள். நகைச்சுவை நடிகைக்குக் கூட்டம் எதற்காக வரும்? சிரிக்க. வீட்டில் என்ன நடந்தாலும் எட்டு மணிக்கு மணி அடித்தால் திரையை ஏற்ற வேண்டும். இரண்டு பேராகச் செய்து பழகிய தொழிலை ஒருவராகச் செய்வது எப்படி இருந்திருக்கும் என்று யோசிக்கிறேன். ஒரு வரியைச் சொல்லிவிட்டு, எந்தக் குரலுக்குக் காது பழகியிருக்கிறதோ அந்தக் குரல் வராத இடத்தைத் தாண்டி அடுத்த வரிக்குப் போக வேண்டும். கொடையில் "ஆமா" சொல்கிறவர் எழுந்து போய்விட்ட வில்லுப்பாட்டு மாதிரி. இங்கே எழுந்து போனவர் புலவர். பதில் சொல்லிக்கொண்டிருந்தவர் வில்லைக் கையில் எடுத்திருக்கிறார்.

விடுதலைக்குப் பின் பாகவதரின் திரை வாழ்க்கை பழையபடி எழவே இல்லை. கிருஷ்ணன் எழுந்தார். காரணம் பலவாக இருக்கலாம். காலமும் ரசனையும் மாறிக்கொண்டிருந்தன, பாட்டு குறைந்து வசனம் கூடிக்கொண்டிருந்தது. ஆனால் கிருஷ்ணன் வெளியே வந்தபோது அவருடைய கடை மூடியிருக்கவில்லை. சபா இருந்தது, ஆட்கள் இருந்தார்கள், எடுத்துக்கொண்டிருந்த படம் ஒன்று இருந்தது. அந்தப் படத்தில் அவருக்கும் ஒரு பாத்திரம் சேர்த்து, சிறைக்குப் போய்வந்தவர்களைப் பற்றியே பாட வைத்து, 1947இலேயே வெளியிட்டார்கள். முப்பது மாதம் மதுரம் காப்பாற்றி வைத்த இடத்தில்தான் அவர் வந்து நின்றார். எல்லாரும் அவர் திரும்பி வந்ததைக் கொண்டாடுகிறோம். திரும்பி வர ஒரு இடத்தை வைத்திருந்தவரைக் கொஞ்சம் கூடுதலாகக் கொண்டாடலாம்.

அதற்குப் பின் வந்த பத்து வருஷம் வேகமாக ஓடியது. எஸ்.எஸ்.வாசன் வருஷக்கணக்கில் எடுத்துக்கொண்டிருந்த 'சந்திரலேகா'வில் சர்க்கஸ் கூட்டத்தோடு இருவரும் சேர்ந்துகொண்டார்கள். 1948இல் அது நாடு முழுக்க ஓடியது. 1949இல் அண்ணா எழுதிய 'நல்லதம்பி'. பிறகு கிருஷ்ணனே இயக்கிய 'மணமகள்', 'பணம்'.

நல்லதம்பியில் வரும் கிந்தனார் காலட்சேபத்தைப் பற்றி மட்டும் ஒரு வார்த்தை. நந்தனார் சிதம்பரத்துக்குப் போக ஏங்குகிறார் என்றால், சேரியில் பிறந்த கிந்தன் பள்ளிக்கூடத்துக்குப் போக ஏங்குகிறான். பாகவதர்கள் சிப்ளாக்கட்டையோடு பக்திக் கதை சொல்லும் அதே மெட்டில், அதே முறையில், ஒரு பையன் படித்து ஆளாகும் கதை. கொட்டகையில் பாதிப் பேர் சிரித்துக்கொண்டே யோசித்திருப்பார்கள், மீதிப் பேர் கோபப்பட்டுக்கொண்டே சிரித்திருப்பார்கள். பாட்டு, பிரசங்கம், கிண்டல், நடிப்பு எல்லாம் ஒன்றாகக் கலந்த இந்த வடிவம் அவருக்குக் கைவந்ததில் எனக்கு ஆச்சரியமில்லை. வில்லில் தொடங்கியவர்தானே. கடைசிக் காலத்தில் அந்த வில்லையே மறுபடியும் எடுத்தார். சுப்பு ஆறுமுகம் எழுதிக்கொடுக்க, காந்தி கதையை வில்லுப்பாட்டாகப் பாடினார். கொடைக்கு மட்டும் சொந்தமாயிருந்த எங்கள் ஊர் வில்லைப் பட்டணத்து மேடையில் ஏற்றியவர் அவர். அதற்காக எங்கள் ஊர்க்காரர்கள் அவருக்கு என்றைக்கும் கடன்பட்டிருக்கிறோம்.

சம்பாதித்ததையெல்லாம் கொடுத்தார் என்பது ஊரறிந்த கதை. கேட்டவருக்கெல்லாம் கொடுக்கிற புருஷனோடு குடித்தனம் நடத்துவது என்றால் என்ன என்று கேட்டால் ஆச்சி வேறு மாதிரிப் பதில் சொல்வாள். "கொடுத்தவரு பேரு நிக்கும். அடுத்த நாளு உலை வைக்க அரிசி தேடினவ பேரு நிக்குமா?" கடைசி நாட்களில் வீட்டில் பணம் இல்லை. 1957 ஆகஸ்டு 30ஆம் தேதி கிருஷ்ணன் காலமானார். 48 வயது. 'அம்பிகாபதி' என்ற படத்தில் இருபது வருஷத்துக்கு முன்னால் நடித்தவர், அதே பெயரில் மறுபடி எடுக்கப்பட்ட படம் முடிவதற்குள் போய்விட்டார்.

இரண்டே வருஷத்தில், 1959இல், 'கல்யாணப் பரிசு' வந்தது. எழுத்தாளர் என்று பெண்டாட்டியிடம் புளுகிக்கொண்டு திரியும் தங்கவேலுவையும், அதை நம்பியும் நம்பாமலும் கேட்கும் எம்.சரோஜாவையும் பார்த்துத் தமிழ்நாடு உருண்டு சிரித்தது. அவர்களும் நிஜத்தில் கணவன் மனைவி ஆனார்கள். தங்கவேலு கிருஷ்ணனின் குழுவில் வளர்ந்தவர். சரோஜாவின் அந்தச் சின்ன மௌனத்தை, அதற்குப் பின் வரும் கேள்வியைக் கவனித்தால் அது எங்கேயிருந்து வந்தது என்று தெரியும். எனக்கு அவர்களையும் ரொம்பப் பிடிக்கும். அது தனியாக எழுத வேண்டிய விஷயம்.

1969 ஜனவரியில், பொங்கல் சமயத்தில், தி.நகரில் கலைவாணர் சிலையை முதலமைச்சர் அண்ணா திறந்துவைத்தார். உடல் மிகவும் தளர்ந்திருந்த அண்ணா கலந்துகொண்ட கடைசிப் பொது நிகழ்ச்சி அது. வாலாஜா சாலைப் பக்கம் கலைவாணர் பெயரில் அரங்கம் இருக்கிறது. சென்னையில் வேலை பார்த்த காலத்தில் அந்தச் சிலையைத் தாண்டித்தான் தினமும் பஸ்ஸில் போவேன். சிக்னலில் வண்டி நிற்கும்போதெல்லாம் சிலைக்குப் பக்கத்தில் இருக்கும் வெற்றிடத்தைப் பார்ப்பேன். பேசிக்கொண்டே இருந்தவரை இப்படித் தனியாக நிறுத்திவைத்தால் யாரிடம் பேசுவார் என்று தோன்றும். மதுரம் அதற்குப் பிறகும் சில வருஷம் இருந்து, 1974 மே மாதம் காலமானார். கணவர் போன பின் பதினேழு வருஷம்.

ஆச்சிக்குக் கடைசி வருஷங்களில் கண் தெரியாமல் போய்விட்டது. ஊருக்குப் போகும்போதெல்லாம் கைப்பேசியில் பழைய படம் ஏதாவது போட்டு அவள் காதுக்குப் பக்கத்தில் வைப்பேன். பாட்டு என்றால் தலையாட்டுவாள். வசனம் என்றால் பாதியில் தூங்கிவிடுவாள். ஒரு நாள் சாயங்காலம் ஹரிதாஸ் போட்டேன். ஒலி கரகரவென்று இருந்தது. கிருஷ்ணனின் குரல் வந்ததும் ஆச்சி நிமிர்ந்து உட்கார்ந்தாள். அவர் என்னவோ நீளமாகச் சொல்லிக்கொண்டே போனார். எனக்குச் சரியாகக் கேட்கவில்லை, சத்தத்தைக் கூட்டலாம் என்று கையை நீட்டினேன். ஆச்சி என் மணிக்கட்டைப் பிடித்து நிறுத்தினாள்.

"இரு மக்களே," என்றாள். "இப்ப அவ கேப்பா பாரு."